வரலாறு அழியும் உலகைப் படைப்போருக்கு, குமரி எல்லையிலிருந்து ஒரு திறந்த மடல்

அன்புள்ள நண்பர்களே,

மெய்யும் வரலாறும் கொஞ்சம் கொஞ்சமாக அழிந்துபோகிற ஒரு மாய உலகம். இந்தக் கருவைக் கையில் எடுத்துக் கதையாகவும் சித்திரக்கதையாகவும் கணினி விளையாட்டாகவும் தமிழில் செய்து பார்க்கிறவர்கள் இப்போது நிறையப் பேர். அவர்களுக்குத்தான் இந்த மடல். எழுதுகிற நாங்கள் தமிழ்நாடு-கேரள எல்லை ஊரான களியக்காவிளைக்குக் கிழக்கிலும் மேற்கிலுமாக இருந்து கல்வெட்டும் ஓலையும் படிக்கிறவர்கள். எங்களுக்கு உங்களிடம் சொல்ல ஒன்றும் கேட்க ஒன்றும் இருக்கிறது. கேட்பதைக் கடைசியில் கேட்கிறோம்.

இந்த வகைக் கதைகளில் அழிவு பெரும்பாலும் மூடுபனியாக வருகிறது. மலையிலிருந்து இறங்கும், தொட்ட வீடு மறையும், அந்த வீட்டுக்காரரின் பெயரை ஊர் மறக்கும். படிக்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் கதை பாதி தாண்டியதும் தொய்ந்துவிடுகிறது. பனிக்கு விதி கிடையாது என்பதுதான் காரணம். எது முதலில் போகும், எது தங்கும், ஏன் தங்கும் என்று சொல்ல ஆசிரியரிடம் கணக்கு இல்லை. நிஜ உலகில் வரலாறு அழிவதற்கு வரிசை உண்டு. அதைச் செய்ய ஆள் உண்டு, கூலி உண்டு. அநேகமாக அந்த ஆள் நல்லது செய்வதாக நம்பித்தான் செய்கிறார். அந்த வரிசையைத் தெரிந்துகொண்டால் உங்கள் உலகம் தானாக எழுந்து நிற்கும். அதற்காகவே இத்தனை நுணுக்கமாக எழுதுகிறோம்.

கல்லிலிருந்து தொடங்குவோம். ஒரு பழைய கோயிலின் அடித்தளத்தில் ஜகதி, அதற்கு மேல் குமுதம், கண்டம், பட்டிகை என்று அடுக்குகள் இருக்கும். கல்வெட்டு அவற்றின் மேல் கோயிலைச் சுற்றி ஓடும். எழுத்தின் ஆழம் சில மில்லிமீட்டர்தான். ஆயிரம் ஆண்டு மழை அதை மழுக்கும், ஆனால் துடைக்காது. துடைப்பது திருப்பணி. சுவரில் எண்ணெய்ப் பிசுக்கும் பாசியும் இருக்கிறது, கும்பாபிஷேகத்துக்குக் கோயில் பளிச்சென்று இருக்க வேண்டும், நாள் குறைவு. அழுத்தக்காற்றில் மணலை வீசினால் ஒரே நாளில் ஒரு பக்கச் சுவர் புதுக்கல் மாதிரி ஆகிவிடும். மணல் மேல்தோலை உரிக்கிறது. எழுத்தின் விளிம்பு உருண்டு, பள்ளமும் மேடும் ஒன்றாகிவிடும். தமிழ்நாட்டில் இந்த மணல்வீச்சு தடைசெய்யப்பட்டது. அப்படியும் அது போன கோயில்களின் சுவரில் விரலை வைத்துத் தடவினால், எழுத்து இருந்த இடத்தில் அம்மைத் தழும்பு மாதிரிச் சொரசொரப்பு மட்டும் கிடைக்கும். ஆசிட் கழுவலும் கிரைண்டர் போட்டு இழைப்பதும் இதே வேலையைச் செய்பவைதான்.

அடுத்தது தரை. பிராகாரத்தில் புதுத் தளம் போடும்போது பழையதைப் பெயர்க்காமல் அதன் மேலேயே போடுவார்கள். ஒவ்வொரு தடவையும் அரை அடி ஏறும். மூன்று தடவை போட்டால் ஜகதி மண்ணுக்குள். அதில் இருக்கும் வரிகள் அழியவில்லை, ஆனால் இல்லை. மேலே குமுதத்தில் இருப்பது கல்வெட்டின் நடுப்பகுதி என்றால், யாருடைய ஆட்சி என்று சொல்லும் தொடக்கமோ, யார் காக்க வேண்டும் என்று சொல்லும் முடிவோ கண்ணுக்குப் படாமல் போகும். பிறகு கல் மாறி அடுக்குவது. கோயிலைப் பிரித்துக் கட்டுகையில் கற்களுக்கு எண் போடாமல் எடுத்தால், மூன்றாம் வரியின் வால் ஏழாம் வரியின் தலையோடு சேரும். தலைகீழாக வைத்த கல்லும் உண்டு, படிக்கட்டாகப் போன கல்லும் உண்டு. இங்கே ஓர் எழுத்தும் சேதமில்லை. வாக்கியம் செத்துவிட்டது.

ஒரு விஷயத்தைக் குறித்துக்கொள்ளுங்கள், கதைக்கு நல்ல தீனி. சுண்ணாம்பு அடித்த சுவரில் எழுத்து பிழைக்கிறது. பூச்சு மேல் பூச்சாக அடித்து, எழுத்து இருப்பதே தெரியாத சுவரில், பதமாகச் சுண்ணாம்பை உரித்தால் நேற்று வெட்டியது போல உளித்தடம் வரும். மறைத்தது காத்தது, சுத்தம் செய்தது அழித்தது. உங்கள் உலகில் அழிவுக்கு எதிராகப் போராடும் கூட்டம் சுவரைத் துலக்குகிறவர்களாக இருக்கக் கூடாது. பூசி மறைக்கிறவர்களாக இருக்கட்டும்.

பழைய ஆட்களுக்கு இந்த ஆபத்து தெரிந்திருந்தது. 10ஆம் நூற்றாண்டில் சோழ அரசி செம்பியன் மாதேவி திருக்கோடிகாவலில் செங்கல் கோயிலைக் கற்றளியாக மாற்றியபோது, அங்கே கிடந்த பழைய கற்களின் வாசகங்களைப் புதுச் சுவரில் மறுபடி வெட்டிவைத்தார். அப்படி வெட்டியவற்றில் ‘இதுவும் ஒரு பழங்கற்படி’ என்று ஒரு குறிப்பு வரும். பழைய கல்லைப் பார்த்து எழுதிய படி என்று பொருள். இந்தச் சில சொல்லுக்குள் ஒரு முழு ஒழுக்கம் இருக்கிறது: நான் அசல் இல்லை, அசல் ஒன்று இருந்தது, அதைப் பார்த்தே எழுதினேன். அழியும் உலகில் இந்தக் குறிப்பைப் போடும் பிரதிகள் ஒரு வகை, போடாதவை இன்னொரு வகை என்று பிரித்தாலே உங்கள் கதைக்கு ஒரு மோதல் கிடைத்துவிடும்.

கல்வெட்டைப் படியெடுக்கும் முறையையும் சொல்லிவிடுகிறோம். உங்கள் நாயகியின் கையில் ஒரு தொழில் இருந்தால் கதை நிற்கும். முதலில் தண்ணீரும் மெல்லிய நார்த்தூரிகையும் கொண்டு கல்லைக் கழுவ வேண்டும். கம்பித் தூரிகை கூடாது. தாளை நனைத்துக் கல்லின் மேல் பரப்பி, நடுவிலிருந்து வெளிப்புறமாகக் கெட்டி மயிர்த் தூரிகையால் அடித்துக்கொண்டே போனால் தாள் எழுத்தின் பள்ளத்துக்குள் இறங்கும். ஓரத்திலிருந்து தொடங்கினால் நடுவில் காற்று சிக்கிக் கொப்புளம் போடும், கொப்புளத்துக்கு அடியில் இருக்கும் எழுத்து பதியாது. தாள் கிழிந்த இடத்தில் சிறு துண்டை ஒட்டி அடிக்கலாம். பிறகு காத்திருக்க வேண்டும். இந்தக் காத்திருப்பில்தான் முக்கால் பங்கு வேலையும் கெடுகிறது. ஈரம் மிகுந்திருக்கும்போது மை ஒற்றினால் மை ஊறி எழுத்துக்குள் போய்விடும். முழுக்கக் காயவிட்டால் தாள் சுருங்கிக் கல்லை விட்டு எழும்பிவிடும். தொட்டால் குளிர்ச்சி தெரிய வேண்டும், விரலில் ஈரம் ஒட்டக் கூடாது. அந்தப் பதத்தில், கரிமை தொட்ட ஒற்றுப்பந்தை முதலில் வேறு பலகையில் தட்டி மிகையை எடுத்துவிட்டு, லேசாக ஒற்றிக்கொண்டே போக வேண்டும். மேடெல்லாம் கறுக்கும், எழுத்து வெள்ளையாக நிற்கும். உரித்தெடுத்த உடனே பின்புறத்தில் ஊர், கோயில், எந்தச் சுவர், எந்த அடுக்கு, எத்தனையாவது வரி, தேதி எல்லாவற்றையும் எழுத வேண்டும். வீட்டுக்குப் போய் எழுதலாம் என்று சுருட்டிவைத்த படிகள் ஊர் இல்லாத படிகளாகிவிடும். வாசகம் இருக்கும், அது எந்த மண்ணைப் பற்றியது என்பது இருக்காது.

சாக்பீஸாலோ மாவாலோ எழுத்தை நிரப்பிப் புகைப்படம் எடுக்கும் வழக்கத்தைப் பற்றியும் ஒரு சொல். நிரப்புகிறவர் தான் என்ன எழுத்தென்று நினைத்தாரோ அதைத்தான் நிரப்புகிறார். அந்தப் படம் பரவிவிட்டால் அடுத்து வருகிறவர் கல்லைப் பார்ப்பதில்லை, வெள்ளைக் கோட்டைப் பார்க்கிறார். ஓர் ஆளின் ஊகம் கல்லின் சாட்சியமாகிவிடுகிறது.

எழுத்திலேயே ஒரு வலை இருக்கிறது. பழைய கல்லிலும் ஓலையிலும் பெரும்பாலும் புள்ளி வைப்பதில்லை. ஓலையில் புள்ளி குத்தினால் நரம்பு கிழியும். எகரத்துக்கும் ஏகாரத்துக்கும் வேறுபாடு காட்டுவதில்லை. அதனால் ‘எரி’ என்று எழுதியிருந்தால் அது ஏரியாகவும் இருக்கலாம், எரிவதாகவும் இருக்கலாம். கால் எழுத்தும் ரகரமும் ஒரே வடிவம். வட்டெழுத்து என்ற பழைய எழுத்துமுறையில் பகரமும் வகரமும் கிட்டத்தட்ட இரட்டைப் பிள்ளைகள். எங்கள் பகுதியில் வட்டெழுத்து மற்ற இடங்களைவிட நெடுநாள் தாங்கியது, 18ஆம் நூற்றாண்டு வரைகூட அதன் வழி வந்த எழுத்து புழங்கியது. இங்கே படிப்பவருக்கு எழுத்துத் தெரிந்தால் போதாது. ஊரில் ஏரி உண்டா, அது எந்தப் பக்கம் என்று தெரிந்திருக்க வேண்டும். ஏரியைத் தூர்த்து மனை போட்ட பிறகு அந்தக் கல்லைப் படிப்பவர் ‘எரி’ என்றுதான் படிப்பார். குளத்தைத் தூர்த்ததில் கல்வெட்டு அழிந்தது என்று சொன்னால் புரியாதவர்களுக்கு இந்த ஒரு சொல்லைக் காட்டுவோம்.

ஓலைக்கு வருவோம். பக்குவம் செய்த ஓலைக்கு இந்தக் கடலோர ஈரக்காற்றில் இருநூறு முந்நூறு ஆண்டு ஆயுள் என்று வைத்துக்கொள்ளலாம். அப்படியானால் ஆயிரம் ஆண்டுப் பழைய நூல் உங்கள் கைக்கு வர, குறைந்தது மூன்று நான்கு தடவை யாரோ உட்கார்ந்து திரும்ப எழுதியிருக்க வேண்டும். 400 ஏடு, நாளுக்கு 5 ஏடு என்றால் 80 நாள். அந்த 80 நாளுக்குச் சோறு போட ஆள் வேண்டும். நூல்கள் பகையால் அழிந்ததைவிட, அந்த 80 நாளுக்கு யாரும் சோறு போடாததால் அழிந்தவையே மிகுதி என்பது எங்கள் எண்ணம். உங்கள் மாய உலகில் அழிவை நிறுத்த மந்திரம் தேடுகிறவர்கள், இந்தச் செலவுக் கணக்கையும் சேர்த்து எழுதினால் கதையில் எடை கூடும்.

ஓலைக்கட்டு எந்த வரிசையில் சாகிறது என்பதை அவசியம் பாருங்கள். மேலும் கீழும் கட்டை வைத்து, துளையில் கயிறு கோத்து, துணியில் சுற்றி வைப்பார்கள். கட்டை தொலைந்தால் முதலில் உராய்வது முதல் ஏடும் கடைசி ஏடும். முதல் ஏட்டில் நூலின் பெயரும் காப்பும் இருக்கும். கடைசி ஏட்டில் எழுதி முடித்த ஆண்டும் மாதமும் எழுதியவர் பெயரும் இருக்கும். ஆகவே ஒரு நூல் முதலில் இழப்பது தன் பெயரை, அடுத்து தன் காலத்தை, எழுதியவரை. உள்ளடக்கம் நடுவில் பத்திரமாக இருக்கும். அடுத்த கட்டம் ஓரம் நொறுங்குவது. ஒவ்வொரு வரியிலும் முதல் இரண்டு எழுத்தும் கடைசி இரண்டு எழுத்தும் உதிரும். செய்யுளானால் எதுகையை வைத்து விட்டதைப் பிடிக்கலாம். கணக்கோலையானால் பிடிக்க முடியாது, ஏனென்றால் வரியின் கடைசியில்தான் தொகை இருக்கும். அதற்குப் பிறகு இராமபாணப் பூச்சி. அது நெட்டுக்குத்தாகத் துளைக்கும். ஆகவே பத்து ஏட்டிலும் ஒரே இடத்தில் ஓட்டை. இந்தத் துளை பெரிய உதவி. ஏடுகள் கலைந்துபோனால், துளையின் பாதையைப் பொருத்திப் பார்த்தே பழைய வரிசையைக் கண்டுபிடிக்கலாம். அழித்த பூச்சியே அடுக்கிக் கொடுக்கும்.

படியெடுப்பவர் செய்யும் பிழையிலும் வகை உண்டு. கண்ணால் பார்த்து எழுதினால் ஒரே சொல் இரண்டு வரியில் வரும்போது கண் தாவி, இடையில் இருப்பது முழுக்க விழும். ஒருவர் வாசிக்க மற்றவர் எழுதினால் லகர ளகர ழகரம், ரகர றகரம் மாறும். இவை பரவாயில்லை, பின்னால் வருகிறவர் கண்டுபிடித்துவிடுவார். மூன்றாவது ஒன்று இருக்கிறது: தெரியாத சொல் வரும்போது அதைத் தெரிந்த சொல்லாகத் திருத்திவிடுவது. அந்த இடத்தில் வாக்கியம் வழுக்கிக்கொண்டு ஓடும், யாருக்கும் சந்தேகம் வராது. அந்தச் சொல் மொழியிலிருந்தே போய்விடும், போன தடம்கூட இல்லாமல். உங்கள் கதைக்கு ஒரு தீய சக்தி வேண்டுமென்றால், நன்றாகப் படித்த, பொறுமையான, எல்லாவற்றையும் சீர்ப்படுத்திக் கொடுக்கிற ஒரு படியெழுத்தரை வையுங்கள்.

சொல் முழுசாக இருந்தும் பொருள் போய்விட்ட ஒன்று எங்கள் வாசலிலேயே இருக்கிறது. முதலாம் இராஜராஜனின் மெய்க்கீர்த்தியில், அதாவது மன்னன் புகழ் சொல்லும் கல்வெட்டுத் தொடக்கத்தில், ‘காந்தளூர்ச் சாலை கலமறுத்தருளி’ என்று வரும். தமிழகம் எங்கும் கல்லில் திரும்பத் திரும்ப வெட்டிய தொடர் இது. ஓர் எழுத்தும் ஐயமில்லை. ஆனால் என்ன நடந்தது? கலம் என்றால் கப்பல், ஆகவே கப்பற்படையை அழித்தான் என்றார்கள். கலம் என்றால் உண்கலம், சாலையில் உண்டு படித்தவர்களின் சோற்றை நிறுத்தினான் அல்லது முறைப்படுத்தினான் என்றார்கள். வழக்கைத் தீர்த்தான் என்று சொன்னவர்களும் உண்டு. காந்தளூர் திருவனந்தபுரத்து வலியசாலைதான் என்று பலர் சொல்கிறார்கள். சாலை என்றால் என்ன என்பதற்கு நல்ல சாட்சியம் ஒன்று இருக்கிறது. 9ஆம் நூற்றாண்டில் ஆய் மரபு மன்னன் கருநந்தடக்கன் முஞ்சிறைச் சபையாரிடம் நிலம் பெற்று, கோயில் எடுத்து, காந்தளூர் மரியாதைப்படி, அதாவது அங்கிருந்த நடைமுறைப்படி, தொண்ணூற்றைந்து சட்டருக்குச் சாலை வைத்தான் என்று செப்பேடு சொல்கிறது. அதாவது மாணவர் உண்டு உறைந்து படிக்கும் இடம். அந்தச் செப்பேட்டுக்கு ஆய்வாளர் இட்ட பெயரைக் கேளுங்கள்: ஹுசூர் அலுவலகச் செப்பேடு. கிடந்த அலுவலகத்தின் பெயர். எழுதிக் கொடுத்தவனின் பெயரும், கொடுத்த ஊரின் பெயரும் உள்ளே இருக்க, வெளியே அலமாரியின் பெயர் ஒட்டிக்கொண்டது. பொருள் தன் ஊரை விட்டுப் பெயர்ந்ததும் முதலில் நடப்பது இதுதான்.

ஊர்ப்பெயரைப் பற்றி நீளமாகச் சொல்லலாம், இரண்டை மட்டும் வைக்கிறோம். சோழர் கோட்டாற்றுக்கு மும்முடிச்சோழநல்லூர் என்று பெயரிட்டார்கள். கல்வெட்டில் ‘கோட்டாறான மும்முடிச்சோழநல்லூர்’ என்று வரும். அந்த ‘ஆன’ என்கிற சிறு சொல்லில் பழையதும் புதியதும் ஒட்டிக்கொண்டு நிற்கின்றன. சோழர் போனார்கள், பெயரும் போனது, கோட்டாறு இன்றும் கோட்டாறு. ஆனால் கருநந்தடக்கன் வைத்த பார்த்திவசேகரபுரம், பார்த்திவபுரமாகச் சுருங்கி ஆயிரத்து நூறு ஆண்டுக்கு மேல் உயிரோடு இருக்கிறது. ஏன் இந்த வேறுபாடு? கோட்டாறு சந்தை ஊர், வணிகர் நாவில் பழைய பெயர் ஏறியிருந்தது. பார்த்திவபுரத்தில் கோயிலும் குடியிருப்பும் சேர்ந்தே பிறந்தன, அந்தப் பெயரோடு மோதப் பெரிய பழம்பெயர் இல்லை. அதிகாரம் வைத்த பெயர் அதிகாரத்தோடு போகும், தினமும் கூப்பிடுகிற பெயர் நிற்கும் என்று உங்கள் உலகுக்கு விதி வைக்கலாம். ஒரு விலக்கையும் வையுங்கள்: ஏலாவை, அதாவது வயல்வெளியை, மண் போட்டு நிரப்பி ஏதோ ஒரு நகர் என்று பலகை வைத்தால், தினமும் கூப்பிட்ட ஏலாவின் பெயரும் ஒரு தலைமுறையில் போகும். உழுகிறவர் போனால் கூப்பிட ஆள் இல்லை. தக்கலை பக்கத்துத் திருவிதாங்கோடு ஒரு முழு அரசுக்கே பெயர் கொடுத்தது. இன்று அந்த ஊர் வழியாகப் போகிறவர்களில் எத்தனை பேருக்கு அது தோன்றும்?

கடவுளுக்கும் இதே கதைதான். சிதறால் மலையில் ஆய் மன்னன் விக்கிரமாதித்த வரகுணனின் 28ஆம் ஆட்சியாண்டுக் கல்வெட்டு, திருச்சாரணத்து மலையின் தெய்வமான பட்டாரியருக்குக் குரத்தியார் ஒருவர், அதாவது சமணப் பெண் துறவி, பொன் அணி கொடுத்ததைச் சொல்கிறது. பின்னாளில் அது பகவதி கோயிலானது. தீர்த்தங்கரர்கள் பாறையில் அப்படியே இருக்கிறார்கள். நாகர்கோவில் நாகராஜா கோயில் தூண்களிலும் மகாவீரரும் பார்சுவநாதரும் இருக்கிறார்கள். யாரும் உளி வைத்துக் கொத்தவில்லை. பூவும் விளக்கும் தொடர்ந்தன, பெயர் மட்டும் மாறியது. அந்தத் தொடர்ச்சிதான் சிலைகளைக் காத்தது என்றும் சொல்லலாம். உங்கள் உலகில் ‘அழிந்தது’, ‘அழியவில்லை’ என்று இரண்டே பெட்டி வைத்தால் சிதறாலுக்கு இடம் இருக்காது.

காலக்கணக்கு இதைவிட நுட்பமானது. மேலே சொன்ன கல்வெட்டில் 28 என்ற எண் உண்டு, அந்த 28 எங்கிருந்து என்று கல் சொல்லாது. மன்னன் எப்போது பட்டமேறினான் என்று வேறு வழியில் தெரிந்தால்தான் அந்த எண் தரையில் நிற்கும். தெரியாவிட்டால் மிதக்கும். பாண்டியர் கல்வெட்டில் இரண்டாம் ஆண்டின் எதிர் பத்தாம் ஆண்டு என்பது போல வரும், இரண்டையும் கூட்டிப் பன்னிரண்டு என்று கொள்வார்கள். வழக்கம் தெரியாதவர் இரண்டு என்றோ பத்து என்றோ குறிப்பார், பத்தாண்டோ இரண்டாண்டோ காணாமல் போகும். கொல்லம் ஆண்டு எங்கள் வீட்டுக் கணக்கு. 825இல் தொடங்கியது. ஆகஸ்ட் நடுவிலிருந்து டிசம்பர் வரை என்றால் 824ஐயும், ஜனவரியிலிருந்து ஆகஸ்ட் நடு வரை என்றால் 825ஐயும் கூட்ட வேண்டும். தெற்கே சிங்ஙத்தில், நம் ஆவணியில், ஆண்டு பிறக்கும். வடமலபாரில் கன்னியில், நம் புரட்டாசியில், பிறக்கும். ஆகவே ஆவணி மாதப் பத்திரம் எந்தப் பக்கத்தில் எழுதியது என்று பார்க்காவிட்டால் ஓராண்டு தவறும். பெரிய வெள்ளத்தைத் ‘தொண்ணூற்றொன்பது வெள்ளம்’ என்பார்கள். கொல்லம் 1099 கர்க்கடகம், அதாவது 1924 ஜூலை, ஆகஸ்ட். ஆயிரத்தை வாய் விட்டுவிட்டது, 99 மட்டும் நிற்கிறது. அதை 1999 என்று எடுத்துக்கொள்ளும் பிள்ளைகளைத் திருத்தப் பெரியவர்கள் பக்கத்தில் இருக்க வேண்டும். அது மட்டுமில்லை. கொல்லம் ஆண்டு எந்த நிகழ்ச்சியை வைத்துத் தொடங்கியது என்பதில் ஆய்வாளர்கள் இன்றும் ஒத்துப்போகவில்லை. 1200 ஆண்டாக இரண்டு மாநிலத்திலும் கோயிலிலும் பஞ்சாங்கத்திலும் எண்ணிக்கொண்டே வருகிறோம், எதிலிருந்து எண்ணுகிறோம் என்பதை விட்டுவிட்டு. மாய உலகுக்கு இதைவிட நல்ல நாட்காட்டி கிடைக்காது. எடுத்துக்கொள்ளுங்கள்.

1956 நவம்பர் 1இல் அகஸ்தீசுவரம், தோவாளை, கல்குளம், விளவங்கோடு நான்கு தாலுகாவும் திருவிதாங்கூர்-கொச்சியிலிருந்து பிரிந்து குமரி மாவட்டமாக இன்றைய தமிழ்நாட்டோடு சேர்ந்தன. செங்கோட்டையின் பெரும்பகுதியும் வந்தது. அதன் பின் பள்ளியில் எழுத்து மாறியது. தாத்தாவின் நிலப் பத்திரம் மலையாளத்தில் இருக்க, பேரனுக்குத் தமிழ் மட்டும் தெரிகிற வீடுகள் இந்தப் பக்கம் உண்டு. கேரளத்துப் பாறசாலைக்கு அப்பால் தமிழோலை வைத்துக்கொண்டு தமிழ் படிக்காத பேரப்பிள்ளைகள் உள்ள வீடுகளும் உண்டு. பெட்டியில் ஏடு பத்திரம். வீட்டில் வாசிக்க ஆள் இல்லை. இரண்டு வீட்டுக்கும் நடுவே ஒரு பஸ் கட்டணம்தான் தூரம். எங்கள் வேலையில் பாதி இந்த இரண்டு பெட்டிகளை ஒன்றுக்கொன்று அறிமுகப்படுத்துவது.

இனி எங்கள் வேண்டுகோள்.

உங்கள் கற்பனைக் கல்வெட்டை நிஜ ஊரின் நிஜக் கோயிலில் வைக்காதீர்கள். கதைக்காகச் செய்த கல்வெட்டுப் படம், அச்சு அசலாகக் கல் மாதிரி, பாசி படிந்து, இப்போது கணினியில் நொடியில் செய்ய முடிகிறது. கதையின் பக்கத்தில் அது இருக்கும்வரை கதை. யாரோ வெட்டியெடுத்து வாட்ஸாப்பில் போட்டால், ஊர்ப்பெயர் நிஜமாக இருப்பதால் செய்தியாகிவிடுகிறது. பிறகு தலபுராணப் பலகையில் ஏறும், திருப்பணி மலரில் அச்சாகும். அச்சானதை மேற்கோள் காட்டி அடுத்த மலர் வரும். அந்த ஊரில் நிஜமான கல் ஒன்று ஜகதியில் புதைந்து கிடக்கும், அதைத் தோண்டிப் பார்க்க இனி யாருக்கும் அவசியம் இராது. மறதியால் போன இடத்தைத் திரும்பப் பிடிக்கலாம், பொய்யால் நிரம்பிய இடத்தைப் பிடிக்க மிகவும் கடினம். இதை நாங்கள் கோபத்தோடு சொல்லவில்லை, கவலையோடு சொல்கிறோம்.

செய்யும் வழியும் இருக்கிறது. ஊர், மன்னன், ஆண்டுமுறை மூன்றையும் நீங்களே படையுங்கள். மூன்றில் ஒன்று நிஜமாக இருந்தாலும் படம் தப்பித்துக்கொள்ளும். கதையின் பெயரைப் படத்துக்குக் கீழே தனி வரியாக இல்லாமல், கல்லின் பரப்பிலேயே, எழுத்துகளுக்கு நடுவில் வையுங்கள். ஓரத்தில் வைத்தால் வெட்டிவிடுவார்கள். நிஜமான வாசகத்தை எடுத்தாள விரும்பினால் தாராளமாக எடுக்கலாம், ஆனால் மாற்றாமல், எந்த ஊர், எந்தச் சுவர் என்ற குறிப்போடு. சோழர் கல்வெட்டில் நந்தாவிளக்குக்கு, அதாவது அணையா விளக்குக்கு, விட்ட ஆட்டைச் ‘சாவா மூவாப் பேராடு’ என்பார்கள். சாகாத, மூப்படையாத ஆடு. ஆடு செத்தால் இடையர் வேறொன்றைச் சேர்த்து எண்ணிக்கை குறையாமல் வைத்திருக்க வேண்டும் என்பது ஒப்பந்தம். ஒரு விளக்குக்கு 96 ஆடு என்று பல இடங்களில் வரும், நாளுக்கு ஓர் உழக்கு நெய். தானத்தை அழித்தவன் ‘கங்கையிடைக் குமரியிடை’ யாவரும் செய்த பாவத்தைக் கொள்வான் என்று முடியும். இவ்வளவு மாயம் நிஜக் கல்லிலேயே இருக்கும்போது பொய்க்கல் எதற்கு என்பதுதான் எங்கள் ஆதங்கம்.

நேரில் பார்க்க வருகிறவர்களுக்கு ஒரு குறிப்பு. எழுத்து தெரிய நேர்வெளிச்சம் உதவாது, சாய்வெளிச்சம் வேண்டும். இருட்டியபின் டார்ச்சைச் சுவரோடு ஒட்டி, பத்துப் பதினைந்து பாகைக்குள் பிடித்தால் மழுங்கிய எழுத்தும் நிழல் விழுந்து எழும். புகைப்படம் எடுத்து முப்பரிமாணமாக்குவதானால் ஒரு படத்துக்கும் அடுத்ததற்கும் நூற்றுக்கு அறுபது எழுபது பங்கு பொதுவாக இருக்க வேண்டும். பகலிலும் ஒரு வாய்ப்பு உண்டு. குமரி 8 பாகை அட்சத்தில் இருப்பதால் சித்திரை தொடங்கி ஆவணி நடு வரை உச்சிச் சூரியன் நமக்கு வடக்கே போய்விடும். அந்நாட்களில் பன்னிரண்டு மணியிலிருந்து பன்னிரண்டரை வரை வெயில் வடக்குச் சுவரை மேலிருந்து உரசிக்கொண்டு இறங்கும். எடவப்பாதி எனும் தென்மேற்குப் பருவமழை மேகம் வருவதற்கு முன், சித்திரையும் வைகாசி முதல் பாதியும்தான் நம்பலாம். நடை சாத்தும் நேரம் என்பதால் வெளிப்பிராகாரத்தில் நிற்க முதல் நாளே கேட்டு வையுங்கள். ஒரு வாளித் தண்ணீரும் பருத்தித் துணியும் போதும், சாக்பீஸ் கொண்டுவர வேண்டாம்.

அன்புடன்,
கல்லும் ஓலையும் படிப்போர்,
குழித்துறை – பாறசாலை எல்லைப்புறம்